ஓர் இரவு முழுக்க வெறுமையாக இருந்த திரை: வலைப்பின்னல் பாதுகாப்பு சர்வரின் அலாரங்கள் குறித்த நிகழ்வு ஆய்வு

பின்னணி

சில நூறு கணினிகள் கொண்ட ஓர் அலுவலக வலைப்பின்னலைக் கண்காணிக்கும் பாதுகாப்பு சர்வர் ஒன்றில் நடந்ததை இங்கே பதிவு செய்கிறேன். அந்த சர்வரின் பராமரிப்புப் பொறுப்பு என்னுடையது. நிகழ்வில் தொடர்புடைய மற்றவர்களின் பெயரையும் அலுவலகத்தின் பெயரையும் தவிர்த்திருக்கிறேன்.

சர்வருக்கு மூன்று வேலைகள் இருந்தன. சுவிட்சின் மிரர் போர்ட்டிலிருந்து, அதாவது வலைப்பின்னல் போக்குவரத்தின் நகலைத் தரும் முனையிலிருந்து, வரும் போக்குவரத்தைச் சுரிகாட்டா என்னும் ஊடுருவல் கண்டறியும் நிரல் வாசித்து, விதிகளோடு பொருந்துவதைத் தன் கோப்பில் எழுதும். ஃபயர்வால் அனுப்பும் பதிவுகளைச் சிஸ்லாக் சேவை பெற்று, ஒரு பிரதியைக் கோப்பிலும் இன்னொரு பிரதியை எலாஸ்டிக்சர்ச் தரவுத்தளத்திலும் சேர்க்கும். பணியில் இருப்பவர் பார்க்கும் திரை அந்தத் தரவுத்தளத்திலிருந்துதான் தன் எண்ணிக்கைகளை எடுத்துக்கொள்ளும். கோப்புகள், தரவுத்தளம் இரண்டும் 400 ஜிபி கொண்ட ஒரே வட்டுப் பகுதியில் இருந்தன. தொடக்கத்தில் வசதிக்காக அப்படி அமைத்தோம். பிறகு அதை யாரும் திரும்பிப் பார்க்கவில்லை.

இரண்டு சொற்களை முதலிலேயே பிரித்துக்கொள்வது நல்லது. வலைப்பின்னலில் ஏதோ நடக்கிறது என்று சர்வர் சொல்வதை இந்த ஆய்வில் 'நிகழ்வறிவிப்பு' என்கிறேன். தன் உடல்நிலையைப் பற்றி, அதாவது வட்டு நிரம்புவது, கடிகாரம் விலகுவது, நிரல் நிற்பது ஆகியவற்றைப் பற்றி சர்வர் சொல்வதை 'அலாரம்' என்கிறேன். நிகழ்வறிவிப்புகளை எங்கள் குழு உடனுக்குடன் கவனித்தது. அலாரங்களைப் பராமரிப்புக்காரர் ஓய்வாகப் பார்த்துக்கொள்ள வேண்டியவை என்று நினைத்தோம். தன் உடல்நிலை சரியில்லை என்று சொல்லும் சர்வரின் நிகழ்வறிவிப்புகளை எந்த அளவுக்கு நம்பலாம் என்ற கேள்வி எங்களிடம் அதுவரை எழவே இல்லை.

நிகழ்வுக்குப் 19 நாட்களுக்கு முன், ஒரு ஞாயிறு அதிகாலையில், சர்வரின் இயங்குதளத்தை மேம்படுத்தினோம். மேம்படுத்தல் நடக்கும்போது அலாரங்கள் குவிவது வழக்கம். நிரல்கள் நின்று மீண்டும் எழும்போது ஒவ்வொன்றும் தன் பங்குக்கு ஒன்றை எழுப்பும். அன்றும் வந்தன. எல்லாவற்றையும் 'மேம்படுத்தல் காரணமாக, தெரிந்ததே' என்று குறிப்பிட்டு ஒப்புக்கொண்டு மூடினோம். அவற்றில் ஒன்று 'நேர ஒத்திசைவு இல்லை' என்ற தாழ்நிலை அலாரம். மற்றவை சில நிமிடங்களில் தாமாகத் தீர்ந்தன. இது தீரவில்லை, ஆனால் ஒப்புக்கொள்ளப்பட்டவை பட்டியலிலிருந்து மறைந்துவிடும் என்பதால் யார் கண்ணிலும் மீண்டும் படவில்லை.

பதின்மூன்றாம் நாள், சனிக்கிழமை பிற்பகல், வட்டு 85 விழுக்காட்டைத் தாண்டியது என்ற எச்சரிக்கை எனக்கு மின்னஞ்சலாக வந்தது. இரண்டு மணி நேரத்துக்கு ஒரு முறை அதே அஞ்சல் திரும்பத் திரும்ப வந்தது. திங்கட்கிழமை பார்க்கலாம் என்று எண்ணி, அஞ்சல் வருவதை 30 நாட்களுக்கு நிறுத்திவைத்தேன். நிறுத்தும் பக்கத்தில் 'இந்த அலாரம் மட்டும்', 'இந்த வகை முழுவதும்' என்று இரண்டு தெரிவுகள் இருக்கும். இரண்டாவதே முன்னரே தேர்வாகியிருந்தது, நான் மாற்றவில்லை. திங்கட்கிழமை வேறு வேலை வந்தது.

முதலில் கண்டது

வெள்ளிக்கிழமை அதிகாலை 3.35-க்கு, பணிக்குச் சேர்ந்து இரண்டு மாதமே ஆன இரவுப் பணியாளர் ஒருவர், திரையிலிருந்த மணிவாரி வரைபடத்தில் ஒரு கோடு தரையோடு படுத்துக் கிடப்பதைக் கவனித்தார். வழக்கமான இரவுகளில் மணிக்கு 40 முதல் 60 நிகழ்வறிவிப்புகள் வரும். பெரும்பாலும் வெளியிலிருந்து வரும் தானியங்கித் தேடல்கள், எப்போதும் இருப்பவை. அன்று வியாழன் இரவு 8.52-க்குப் பிறகு ஒன்றுகூட இல்லை. இரவு 10 மணிக்குப் பணியை ஒப்படைத்தவர் 'இன்று அமைதி' என்று கைமாற்றுப் பதிவேட்டில் எழுதிவிட்டுச் சென்றிருந்தார். அவர் எழுதியது பொய்யில்லை. திரையில் தெரிந்ததையே எழுதினார்.

3.41-க்கு எனக்குத் தொலைபேசி வந்தது. "சார், ராத்திரி முழுக்க ஒண்ணுமே வரல. எனக்கு இது சரியாப் படல" என்றார். சிவப்பாக எதுவும் தெரியாத ஒரு திரையைப் பார்த்து ஒருவரை உறக்கத்திலிருந்து எழுப்பத் துணிவு வேண்டும். அந்த அழைப்பு வராமல் போயிருந்தால், காலை 9 மணிக்குப் பணிக்கு வந்தபிறகே இதை அறிந்திருப்போம்.

3.50-க்குத் தொலைவிலிருந்து சர்வருக்குள் நுழைந்து அலாரப் பக்கத்தைத் திறந்தேன். ஒப்புக்கொள்ளப்படாத அலாரங்கள் 219 இருந்தன, தீவிரத்தின்படி அடுக்கப்பட்டு. மேலே 209 வரிகள் ஒரே வாசகம்: 'நிகழ்வுத் தரவுத்தளத்தில் எழுத இயலவில்லை', உச்ச தீவிரம், இரண்டு நிமிடத்துக்கு ஒன்று வீதம் இரவு 8.52 முதல். அதன் கீழே 'பாக்கெட் இழப்பு', அதாவது போக்குவரத்தின் சிறு தரவுத் துண்டுகள் வாசிக்கப்படாமல் தவறின, என்று எட்டு. கடைசியில் வட்டு பற்றி இரண்டு.

இரவு 8.52 முதல் கதறிக்கொண்டிருந்த அலாரத்துக்கு ஏன் ஓர் அஞ்சல்கூட வரவில்லை என்பது அப்போது எனக்கு விளங்கவில்லை. 'தரவுத்தளத்தில் எழுத இயலவில்லை' என்பது 'சேமிப்பு' வகையில் அடங்கும். சனிக்கிழமை நான் வாயடைத்தது அந்த வகை முழுவதையும்.

எடுத்த முதல் முடிவுகளும் அவற்றின் காரணமும்

அந்த நேரத்தில் எங்கள் முன் இருந்தது இவ்வளவுதான்: ஏறக்குறைய ஏழு மணி நேரமாகக் கண்காணிப்பு இல்லை, காரணம் தெரியவில்லை. கண்காணிப்பை முதலில் குருடாக்கிவிட்டு உள்ளே நுழைவது தாக்குபவர்களின் அறியப்பட்ட வழிமுறை. தாக்கு உத்திகளைத் தொகுக்கும் மைட்டர் அட்டாக் அறிவுத்தொகுப்பு, பாதுகாப்புக் கருவிகளை முடக்குவதைத் தனியே வகைப்படுத்தி வைத்திருக்கிறது. பதிவுகளைப் பெருக்கி வட்டை நிரப்புவதும் அதற்கு ஒரு வழியாகலாம். எனவே கோளாறு என்று நிறுவப்படும் வரை இதைத் தாக்குதலாக இருக்கக்கூடியது என்றே நடத்துவது என முடிவு செய்தோம். துறைத் தலைவருக்கு 4 மணிக்கே தகவல் சொன்னேன்: 'கண்காணிப்பை இழந்திருக்கிறோம். ஊடுருவல் நடந்ததற்கு அறிகுறி இல்லை. நடக்கவில்லை என்று சொல்லவும் எங்களிடம் இப்போது எதுவும் இல்லை.' கடைசி வாக்கியத்தைச் சொல்லக் கூச்சமாக இருந்தாலும் அதைத்தான் முதலில் சொல்லியாக வேண்டும்.

இரவுப் பணியாளரை ஃபயர்வாலின் சொந்தத் திரையில் உட்காரச் சொன்னேன். சர்வர் கண் இழந்திருந்தாலும் ஃபயர்வால் தன் வேலையைச் செய்துகொண்டிருந்தது. வெளியே போகும் புதிய இணைப்புகளை அவர் நேரடியாகக் கவனித்துவந்தார்.

அடுத்த கேள்வி, சர்வரை ரீபூட் செய்வதா என்பது. என் முதல் உந்துதல் அதுவே. பல முறை பல கோளாறுகளை அது தீர்த்திருக்கிறது. செய்யவில்லை. காரணம் தெரியாமல் ரீபூட் செய்தால் அறிகுறி மறையும், காரணம் இருந்த இடத்திலேயே இருக்கும் என்பதே அப்போது என்னிடமிருந்த ஒரே நியாயம். அந்த முடிவின் முழு எடை ஒரு மணி நேரம் கழித்துத்தான் தெரிந்தது.

பிழையான தடத்தில் 25 நிமிடம்

பாக்கெட் இழப்பு அலாரங்கள் என்னைத் திசைதிருப்பின. நள்ளிரவு 12.10 முதல் அரை மணிக்கு ஒன்றாக வந்திருந்தன. யாரோ போக்குவரத்தைக் கொட்டி சர்வரை மூழ்கடிக்கிறார்களோ என்ற ஐயத்தில் அதன் பின்னால் போனேன். நள்ளிரவில் தொடங்கும் காப்புநகல் வேலைதான் காரணம். அது ஒரே இணைப்பின் வழியே பெரும் தரவை நகர்த்துகிறது. சுரிகாட்டா ஓர் இணைப்பின் பாக்கெட்டுகள் அனைத்தையும் ஒரே திரிக்கு (நிரலுக்குள் இணையாக ஓடும் பிரிவுகளில் ஒன்றுக்கு) ஒப்படைப்பதால், மற்ற திரிகள் சும்மா இருக்க அந்த ஒன்று மட்டும் திணறுகிறது. முந்தைய இரவுகளின் கணக்கைப் பார்த்தபோது எல்லா இரவிலும் இதே அளவு இழப்பு இதே நேரத்தில் இருந்தது.

இதில் ஒன்றைக் குறிப்பிட்டாக வேண்டும். இந்த எண்ணிக்கை, சர்வரின் பிணைய அட்டைக்கு வந்து சேர்ந்தபின் இழந்த பாக்கெட்டுகளை மட்டுமே காட்டும். ஒரு கிகாபிட் இணைப்பின் இரு திசைப் போக்குவரத்தும் உச்சத்தில் இருக்கும்போது இரண்டு கிகாபிட் ஆகும்; அதை ஒரு கிகாபிட் மிரர் போர்ட்டில் திணித்தால் மிச்சத்தைச் சுவிட்ச்சே உதறிவிடும். அந்த இழப்பு சர்வரின் எந்தக் கணக்கிலும் வராது. இழப்பு பூஜ்யம் என்று சர்வர் சொல்வதை முழு உண்மையாக எடுத்துக்கொள்ள முடியாது என்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

கால வரிசையில் படித்தபோது

4.20-க்கு இரண்டு மாற்றங்களைச் செய்தேன்: ஒப்புக்கொள்ளப்பட்டவற்றை மறைக்கும் வடிகட்டியை நீக்கினேன், தீவிரத்துக்குப் பதில் 'முதன்முதலில் தோன்றிய நேரம்' என்ற நெடுவரிசையின்படி அடுக்கினேன். பட்டியல் வேறொரு பட்டியலாக மாறியது.

முதல் வரி, 19 நாட்களுக்கு முன், ஞாயிறு அதிகாலை 2.14: நேர ஒத்திசைவு இல்லை. இரண்டாவது, சனிக்கிழமை பிற்பகல்: வட்டு 85 விழுக்காடு. மூன்றாவது, செவ்வாய் அதிகாலை: 90 விழுக்காடு. நான்காவது, வியாழன் இரவு 8.52: 95 விழுக்காடு. ஐந்தாவது, அதே நிமிடம்: தரவுத்தளத்தில் எழுத இயலவில்லை.

நான்காவதும் ஐந்தாவதும் ஒரே நிமிடத்தில் வந்தது தற்செயல் இல்லை. எலாஸ்டிக்சர்ச்சின் இயல்பு அமைப்பில் 85, 90, 95 என்று மூன்று வட்டு வரம்புகள் உண்டு. மூன்றாவதைத் தொட்டதும் தரவு சிதைந்துவிடாமல் காக்க அது தன் அட்டவணைகளை வாசிக்க மட்டும் முடிவதாக மாற்றிக்கொள்ளும். அழிக்கலாம், புதிதாக எழுத முடியாது. தரவுத்தளம் பழுதாகவில்லை, செய்ய வேண்டியதைச் சரியாகச் செய்தது. திரையில் நிகழ்வறிவிப்புகள் வராததற்குக் காரணமும் அதுவே.

தீவிரத்தின்படி அடுக்கியபோது முதலில் நின்றது கடைசி விளைவு. சிஸ்லாக் நெறிமுறையை வரையறுக்கும் ஆர்எஃப்சி 5424 தீவிரத்தை 0 முதல் 7 வரை எட்டுப் படிகளாக வகுக்கிறது. எங்கள் சர்வரும் அதைப் பின்பற்றுகிறது. அந்த எண், செய்தியை அனுப்பும் நிரல் அந்தக் கணத்தில் தன் நிலையைப் பற்றி எண்ணுவது. எது எதற்குக் காரணம் என்பதைப் பற்றி அதற்கு எதுவும் தெரியாது. காரணங்கள் பெரும்பாலும் தாழ்ந்த குரலில், நாட்கள் முன்னதாகவே பேசிவிடுகின்றன.

காணாமல் போன 150 ஜிபி

வட்டை நிரப்பியது எது? 4.31-க்கு, வட்டின் மொத்தப் பயன்பாட்டைக் காட்டும் டிஎஃப் கட்டளை 384 ஜிபி பயன்பாட்டில் உள்ளது என்றது. அதே வட்டுப் பகுதியிலுள்ள கோப்புகளையெல்லாம் டியூ கட்டளையால் கூட்டினால் 233 ஜிபி மட்டுமே வந்தது. ஏறக்குறைய 150 ஜிபிக்கு உரிமையாளர் இல்லை. 19 நாட்களுக்கு வகுத்தால் நாளொன்றுக்கு 8 ஜிபி. ஃபயர்வாலின் அன்றாடப் பதிவு அளவு அதுவே. திடீர்ப் பெருக்கு எதுவும் இல்லாமல் நாள்தோறும் ஒரே சீராக வளர்ந்திருந்தது. தாக்குதல் என்ற ஐயம் முதன்முதலாகத் தளர்ந்தது இங்கேதான்.

லினக்ஸில் ஒரு கோப்பை அழித்தாலும், அதை ஒரு நிரல் திறந்துவைத்திருக்கும் வரை அதன் இடம் விடுபடாது. பெயர் மட்டும் அடைவிலிருந்து போய்விடும். அழிக்கப்பட்டும் திறந்திருக்கும் கோப்புகளை எல்எஸ்ஓஎஃப் கட்டளையால் தேடியபோது ஒரே வரி வந்தது: சிஸ்லாக் சேவை, கோப்பின் அளவு 150 ஜிபி, முடிவில் 'அழிக்கப்பட்டது' என்ற குறிப்பு.

பதிவுக் கோப்புகளை நாள்தோறும் மாற்றும் லாக்ரொட்டேட் நிரல், பழையதை வேறு பெயருக்கு நகர்த்திவிட்டு, 'புதிய கோப்பைத் திற' என்று சிஸ்லாக் சேவைக்கு ஹப் (HUP) சமிக்ஞை அனுப்ப வேண்டும். எங்கள் ஸ்கிரிப்ட், சேவையின் செயல்முறை எண்ணை ஓர் எண் கோப்பிலிருந்து படித்து அந்தச் சமிக்ஞையை அனுப்பிவந்தது. மேம்படுத்தலுக்குப் பின் வந்த புதிய சேவை அமைப்பு அந்த எண் கோப்பை உருவாக்குவதே இல்லை. ஸ்கிரிப்ட் கோப்பைத் தேடி, காணாமல், தோற்றது. தோல்வியைச் சொல்லாமல் விழுங்கும்படி அந்த வரியின் கடைசியில் பல ஆண்டுகளுக்கு முன் யாரோ எழுதி வைத்திருந்தார்கள். சமிக்ஞை போகாததால், சேவை பழைய கோப்பிலேயே எழுதிக்கொண்டிருந்தது. பெயர் மாறியது, மறுநாள் சுருக்கப்பட்டு மூலக் கோப்பு அழிக்கப்பட்டது, அதன் பிறகும் எழுதிக்கொண்டே இருந்தது.

தரவுத்தளத்துக்குப் போகும் பிரதி வேறு வழியில் போனதால் அது தடைபடவில்லை. எனவே திரையில் ஃபயர்வால் பதிவுகள் 18 நாட்களும் வழக்கம்போல் தெரிந்தன; யாருக்கும் ஐயம் எழ இடமில்லை.

இங்கேதான் ரீபூட் செய்யாததன் எடை தெரிந்தது. வியாழன் இரவு 8.52-க்குப் பின் தரவுத்தளத்துக்குள் எதுவும் போகவில்லை. அந்த நேரத்து ஃபயர்வால் பதிவுகள், பெயரற்றுக் கிடந்த இந்தக் கோப்பு ஒன்றில் மட்டுமே இருந்தன. சேவையை நிறுத்தினாலோ சர்வரை ரீபூட் செய்தாலோ வட்டு உடனே 58 விழுக்காட்டுக்கு இறங்கியிருக்கும். எல்லாம் சரியாகிவிட்டதாகத் தோன்றியிருக்கும். நாங்கள் கண்ணில்லாமல் இருந்த அந்த இரவின் ஒரே ஃபயர்வால் சாட்சி அழிந்திருக்கும்.

மீட்பு

பெயர் போன கோப்பையும் அதைத் திறந்துவைத்திருக்கும் செயல்முறையின் வழியே, ஓடும் செயல்முறைகளின் விவரங்களைக் காட்டும் ப்ராக் (/proc) அடைவுக்குள் சென்று வாசிக்க முடியும். 4.58-க்கு அதைக் காப்புநகல் சேமிப்பகத்துக்கு நகலெடுக்கத் தொடங்கினோம். நகலெடுத்துக்கொண்டிருக்கும்போதே கோப்பு வளர்ந்துகொண்டிருந்தது என்பதால் டெயில் கட்டளையை முதல் எழுத்திலிருந்து தொடர்ந்து வாசிக்கும்படி ஓட்டினோம். இதில் ஒரு நன்மை உண்டு: வாசிக்கும் நிரலும் கோப்பைத் திறந்துவைத்திருக்கும் என்பதால், சிஸ்லாக் சேவை அதைக் கைவிட்டாலும் வாசித்து முடிக்கும் வரை அது உயிரோடிருக்கும். 24 நிமிடங்களில் நகல் கோப்பின் முனையை எட்டியது. அந்த நிலையில் எவ்வளவு பைட் என்பதையும் நேரத்தையும் தாளில் எழுதிக்கொண்டோம்.

5.38-க்கு ஹப் சமிக்ஞையைக் கையால் அனுப்பினோம். சிஸ்லாக் சேவை புதிய கோப்பைத் திறந்தது. பழையதில் வளர்ச்சி நின்றது. நகல் முழுமை என்று சரிபார்த்து, பின்னர் மாறினால் காட்டிக்கொடுக்கும் எஸ்எச்ஏ 256 குறியை அதற்குக் கணக்கிட்டு வைத்தபின் டெயிலை நிறுத்தினோம். வட்டு 96 விழுக்காட்டிலிருந்து 58-க்கு இறங்கியது. 90-க்குக் கீழே வந்ததும் எலாஸ்டிக்சர்ச் தன் எழுத்துத் தடையைத் தானே விலக்கிக்கொண்டது. பழைய பதிப்புகளில் இதைக் கையால் நீக்க வேண்டியிருந்தது.

திரையில் எண்கள் ஓடத் தொடங்கியதை மட்டும் வைத்து மீட்பு முடிந்தது என்று சொல்ல எனக்கு மனமில்லை. ஒரு முறை ஏமாந்த திரை அது. சோதனைக்குப் பரவலாகப் பயன்படும் 2100498 என்ற விதியைத் தூண்டும் தீங்கற்ற எழுத்துத் தொடர் கொண்ட ஒரு பக்கத்தை உள் கணினி ஒன்றிலிருந்து அழைத்தோம். மிரர் போர்ட், சுரிகாட்டா, கோப்பு, தரவுத்தளம், திரை என்ற முழுப் பாதையையும் கடந்து நிகழ்வறிவிப்பு வந்து சேர்ந்த பிறகே, கண்காணிப்பு திரும்பியதாகத் துறைத் தலைவருக்குத் தெரிவித்தோம்.

இடைவெளியை நிரப்பியதும் 41 விநாடிப் புதிரும்

சுரிகாட்டா இரவு முழுவதும் தன் கோப்பில் எழுதிக்கொண்டேதான் இருந்தது. அதைத் தரவுத்தளத்துக்குத் தள்ளும் நிரல் மட்டுமே வாசலில் காத்திருந்தது. தடை விலகியதும் தேங்கியிருந்தவை உள்ளே போயின. வியாழன் இரவு 8.52 முதல் வெள்ளி காலை 5.38 வரை 402 நிகழ்வறிவிப்புகள். மூன்று பேர் பங்கிட்டுக்கொண்டு ஒவ்வொன்றாகப் படித்தோம். வழக்கமான இரைச்சலைக் கழித்தபின் ஒன்று நின்றது: இரவு 11.16 முதல் எட்டு நிமிடங்களுக்கு, ஓர் உள் கணினியிலிருந்து கோப்புச் சர்வருக்குத் தொடர்ந்து தோற்ற உள்நுழைவு முயற்சிகள்.

அந்த இரண்டு கணினிகளுக்கும் இடையே ஃபயர்வால் உண்டு. மீட்ட பதிவில் அந்த இணைப்புகளைத் தேடினோம். இருந்தன, ஆனால் ஒவ்வோர் இணைப்பையும் சுரிகாட்டா பார்த்த நேரம், ஃபயர்வால் அதை அனுமதித்த நேரத்துக்கு முந்தியதாக இருந்தது. அனுமதி கிடைக்குமுன்பே பாக்கெட் உள்ளே நடமாடுகிறது என்றால், ஃபயர்வாலைச் சுற்றிக்கொண்டு போகும் வழி ஒன்று இருக்கிறது என்று பொருள். அந்த இரவில் எனக்கு உண்மையாகவே அச்சம் தந்தது இது விளங்காமல் கழிந்த நாற்பது நிமிடங்கள்தான்.

எல்லா இணைப்புகளிலும் வித்தியாசம் ஒரே அளவு, 41 விநாடி, என்பதை இரவுப் பணியாளர்தான் கவனித்தார். பட்டியலின் முதல் வரி அப்போது நினைவுக்கு வந்தது. மேம்படுத்தலின்போது பழைய நேரச் சேவை நீக்கப்பட்டு, புதியது நிறுவப்பட்டும் இயக்கத்துக்குக் கொண்டுவரப்படாமல் இருந்தது. சர்வரின் கடிகாரம் 19 நாட்களாகத் தன் போக்கில் நாளொன்றுக்கு இரண்டு விநாடிக்குச் சற்று அதிகமாகப் பின்தங்கி வந்திருக்கிறது. கணினியிலுள்ள சாதாரணக் குவார்ட்ஸ் கடிகாரத்துக்கு இது இயல்பான விலகலே. 41 விநாடியைக் கூட்டிப் பார்த்தால் வரிசை நேராயிற்று.

கடிகாரத்தை உடனே திருத்தவில்லை. திருத்துவதற்கு முன், ஃபயர்வாலோடும் வேறு இரண்டு சர்வர்களோடும் ஒப்பிட்டு வித்தியாசத்தைக் குறித்துவைத்தோம். திருத்திவிட்டால், அந்த 19 நாள் பதிவுகளை எத்தனை விநாடி நகர்த்திப் படிக்க வேண்டும் என்பதற்கு ஆதாரம் இல்லாமல் போய்விடும்.

தோற்ற உள்நுழைவுகளின் காரணமும் காலை 10 மணிக்குள் தெரிந்தது. அன்று மாலை ஒரு சேவைக் கணக்கின் கடவுச்சொல்லை மாற்றியிருந்தார்கள்; இரவில் ஓடும் ஒரு தானியங்கி வேலையில் மட்டும் பழையதே இருந்தது. ஊடுருவல் நடந்ததற்கான தடயம் 402 நிகழ்வறிவிப்புகளிலும் மீட்ட ஃபயர்வால் பதிவுகளிலும் இல்லை. ஆய்வை அன்று மாலை முடித்தோம்.

மாற்றியவை, மாற்றாதவை

முதல் கூட்டத்தில் பலரும் சொன்ன யோசனை, வட்டு எச்சரிக்கையின் வரம்பை 85-லிருந்து 75-க்குக் குறைக்கலாம் என்பது. நான் ஏற்கவில்லை. 85-இல் வந்த எச்சரிக்கை ஐந்து நாள் அவகாசம் தந்தது. தன் கடமையை அது செய்தது. அதை வாயடைத்தது நான். வரம்பைக் குறைத்தால் அஞ்சல் இன்னும் முன்னதாக வரும், இன்னும் அதிக முறை வரும், இன்னும் விரைவாக வாயடைக்கப்படும்.

எனவே அலாரத்தை நிறுத்தும் முறையை மாற்றினோம். வகை முழுவதையும் நிறுத்தும் தெரிவே நீக்கப்பட்டது. ஓர் அலாரத்தை அதிகபட்சம் 24 மணி நேரம் நிறுத்தலாம். நிறுத்துபவர் பெயர், காரணம், அடுத்து என்ன செய்யப்போகிறார் என்ற மூன்றும் எழுதப்பட வேண்டும். ஒப்புக்கொள்ளப்பட்டும் தீராத அலாரம் பட்டியலிலிருந்து மறையாது, நிறம் மட்டும் மாறும். பட்டியல் முதன்முதலில் தோன்றிய நேரத்தின்படியே திறக்கும். ஒரே வாசகம் திரும்ப வந்தால் ஒரே வரியில் எண்ணிக்கையாக நிற்கும். அந்த 209 வரிகள் இனி ஒரு வரி.

ஆலைகளின் அலார மேலாண்மைக்காக 2009-இல் வெளியான ஐஎஸ்ஏ 18.2 தரம், பணியாளரிடமிருந்து ஒரு செயலைக் கோருவதையே அலாரம் என்கிறது. அதை அளவுகோலாக எடுத்துக்கொண்டு எங்கள் அலார வகைகளை ஒவ்வொன்றாகப் படித்தோம். 'இது வந்தால் யார், என்ன செய்வார்?' என்ற கேள்விக்கு விடை இல்லாதவற்றை அறிக்கைக்கு மாற்றினோம். நள்ளிரவுக் காப்புநகலின் பாக்கெட் இழப்பு அதில் ஒன்று. அந்தப் போக்குவரத்தைச் சுரிகாட்டா ஆராயாமல் விடும்படியும் அமைத்துவிட்டோம்.

நான் மிக முக்கியமாகக் கருதுவது, அமைதிக்கு வைத்த அலாரம். 2100498 விதியைத் தூண்டும் சோதனை இப்போது 15 நிமிடத்துக்கு ஒரு முறை தானாக ஓடுகிறது. அது தரவுத்தளத்தில் வந்து சேர்ந்ததா என்று பார்ப்பது இந்த சர்வர் இல்லை, வேறொரு கணினி. இரண்டு முறை தொடர்ந்து வராவிட்டால் பணியில் இருப்பவரின் தொலைபேசி ஒலிக்கும். நோய்வாய்ப்பட்ட சர்வர் தன் நோயைத் தானே அறிவிக்கும் என்று எதிர்பார்ப்பதில் உள்ள ஓட்டையை அடைக்க இதைவிட எளிய வழி எனக்குத் தெரியவில்லை. முதல் வாரத்தில் சோதனைக் கணினி உறக்கநிலைக்குப் போனதால் இரண்டு முறை வீணாக ஒலித்தது. அதன் உறக்கநிலையை நிறுத்தினோம்.

தரவுத்தளமும் பதிவுக் கோப்புகளும் தனித்தனி வட்டுப் பகுதிகளுக்குப் பிரிக்கப்பட்டன. லாக்ரொட்டேட் ஸ்கிரிப்டில் தோல்வியை விழுங்கும் வரியை நீக்கினோம். அதே பாணியில் எழுதப்பட்ட வேறு நான்கு ஸ்கிரிப்டுகளும் கிடைத்தன. மேம்படுத்தலுக்குப் பின் 48 மணி நேரம் கழித்து, எந்தெந்தச் சேவைகள் ஓடுகின்றன, கடிகாரம் ஒத்திசைந்திருக்கிறதா, அழிக்கப்பட்டும் திறந்திருக்கும் கோப்புகள் உண்டா என்று ஒருவர் கையால் பார்க்க வேண்டும். 48 மணி என்பதற்குக் காரணம், கோப்பு மாற்றம் இரண்டு முறையாவது நடந்தால்தான் இந்த வகைப் பிழை வெளியே தெரியும்.

பணி கைமாறும்போது 'அமைதி' என்று மட்டும் எழுதுவதை நிறுத்தினோம். கடைசி நிகழ்வறிவிப்பு வந்த நேரம், பணிநேரத்தில் வந்தவற்றின் எண்ணிக்கை, திறந்திருக்கும் அலாரங்கள் ஆகியவற்றை எழுத வேண்டும். எடுத்துக்கொள்பவர் அந்த எண்களைத் திரையோடு ஒப்பிட்டுக் கையொப்பமிட வேண்டும்.

இரண்டு மாதங்களுக்குப் பின் அடுத்த மேம்படுத்தல் வந்தது. 'நேர ஒத்திசைவு இல்லை' என்ற அலாரம் இம்முறையும் எழுந்தது. அன்று பணியில் இருந்தவர் அந்த வெள்ளிக்கிழமை என்னை அழைத்த அதே பணியாளர். அலாரத்தை ஒப்புக்கொள்வதற்கு முன் நேரச் சேவையைப் பார்த்து, இயக்கி, வித்தியாசம் ஒரு விநாடிக்கும் குறைவு என்று அளந்து, அதைப் பதிவேட்டில் எழுதியபின் மூடியிருந்தார். எல்லாம் 20 நிமிடங்களுக்குள் முடிந்திருந்தது.